அக்கா வந்து நிற்கிறாள் என்றார் அப்பா

கடைசிப் படுக்கையில் ஒருவர் இருக்கும் வீட்டில் இரண்டு விதமான பேச்சு நடக்கும். கட்டிலுக்குப் பக்கத்தில், "தை பிறக்கட்டும், எந்திரிச்சு நடந்துருவீங்க." அடுப்படியில் குரலைத் தாழ்த்தி, "டாக்டர் எவ்வளவு நாள்னு சொன்னாரு?" படுத்திருப்பவர் காதில் இரண்டும் விழும். அவரிடம் மட்டும் யாரும் எதையும் கேட்பதில்லை.

என் அப்பா எங்கள் பூம்பாறை வீட்டில்தான் இறந்தார். கொடைக்கானலிலிருந்து சுமார் 20 கிலோமீட்டர் உள்ளே, மலைச்சரிவு முழுக்கப் பூண்டும் உருளைக்கிழங்கும் கேரட்டுமாக அடுக்கடுக்காக இறங்குகிற ஊர். பெரிய ஆஸ்பத்திரி எதுவும் பக்கத்தில் இல்லாத இடத்தில் ஒரு மனிதரை வலியில்லாமல், பயமில்லாமல் அனுப்பிவைக்க முடியுமா என்று கேட்டால், பெரும்பாலும் முடியும் என்று சொல்வேன். அதற்குக் கொஞ்சம் தெரிந்திருக்க வேண்டும். சாவுக்குப் பிறகு ஏதாவது இருக்கிறதா என்ற கேள்விக்கு எங்கள் வீட்டில் மூன்று பேரிடம் மூன்று பதில் இருந்தது. அந்த மூன்றையும் வைத்துக்கொண்டேதான் அப்பாவைப் பார்த்துக்கொண்டோம். யாரும் யாரையும் ஜெயிக்க வேண்டியிருக்கவில்லை.

அப்பாவுக்கு இரைப்பையில் புற்றுநோய். மதுரையில் கண்டுபிடித்தபோதே கல்லீரலுக்குப் பரவியிருந்தது. மருந்து ஏற்றினால் கொஞ்ச காலம் கூடலாம், குணமாகாது என்று டாக்டர் நேராகவே சொன்னார். அந்த நேர்மைக்கு இன்றும் அவருக்கு நன்றி. எங்கள் ஊரிலிருந்து மதுரைக்கு ஏறத்தாழ 140 கிலோமீட்டர், அதில் பாதிக்கு மேல் மலைப்பாதை. ஒவ்வொரு வளைவுக்கும் வாந்தி எடுத்துக்கொண்டே போய்வர வேண்டும். திருப்பூரில் இருக்கும் அண்ணன், "கோயம்புத்தூர்ல இன்னொரு இடத்துல காட்டிருவோம்" என்றான். சின்னம்மா பழனிக்கு வேண்டிக்கொண்டு முடி இறக்கச் சொன்னார். எல்லோரும் அவரவருக்குத் தெரிந்த விதத்தில் பாசம் காட்டினார்கள்.

நான் அப்பாவிடம் கேட்டது ஒரே ஒரு கேள்வி. "உங்க உடம்பு எப்படி இருக்குன்னு நீங்க நினைக்கிறீங்கப்பா?"

"முடியப் போகுதுன்னு தெரியுது தாயி. நீங்கதான் சொல்ல மாட்டேங்கிறீங்க."

அதற்கப்புறம் அந்த வீட்டில் பேச்சு ஒன்றாகிவிட்டது. இந்தக் கேள்வியை எல்லோருக்கும் சிபாரிசு செய்வேன். "உங்களுக்கு இந்த வியாதி, இவ்வளவு நாள்தான்" என்று நாம் போய்ச் சொல்ல வேண்டியதில்லை. அவர்களுக்கு எவ்வளவு தெரியும், இன்னும் எவ்வளவு தெரிந்துகொள்ள விரும்புகிறார்கள் என்பது பதிலிலேயே வந்துவிடும். சிலர் பேச்சை மாற்றுவார்கள். அப்போது விட்டுவிட வேண்டும், இன்னொரு நாள் அவர்களே எடுப்பார்கள். அப்பா எடுத்தார். மதுரை வேண்டாம், ஊசி மருந்து வேண்டாம், இந்த வீட்டிலேயே இருக்கிறேன், வலி மட்டும் தெரியாமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். அண்ணன் வந்தபோது அவனை உட்காரவைத்து அதையே மறுபடி சொன்னார். கேட்க வேண்டிய எல்லோரும் அவர் வாயாலேயே கேட்டது பெரிய உதவி. இல்லாவிட்டால் பின்னாளில் "நீதான் வைத்தியம் பாக்க விடல" என்ற பழி வீட்டில் இருக்கும் பெண் தலையில்தான் விழும்.

அவர் இதற்கு முன்பே தயாராகிக்கொண்டிருந்தாரோ என்று எனக்குத் தோன்றும். 2018-ல் குறிஞ்சி பூத்தபோது அவரோடு பார்க்கப் போனேன். பன்னிரண்டு வருடத்துக்கு ஒரு தடவை பூத்து, விதை போட்டு, அதோடு செடி காய்ந்துவிடும். 2006-ல் பூத்ததையும் அவர் பார்த்திருக்கிறார். "அடுத்தது 2030. அதை நீங்க பாருங்க" என்று சொல்லிவிட்டு நடந்தார். குரலில் வருத்தம் இருந்த மாதிரி தெரியவில்லை.

வலியைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். வலியில் துடிக்கும் மனிதரிடம் ஆத்மா, அமைதி, ஏற்றுக்கொள்ளுதல் என்று பேசுவது கொடுமை. முதலில் வலி நிற்க வேண்டும், மற்றதெல்லாம் அப்புறம். புற்றுநோயின் கடைசிக் கட்ட வலிக்கு மார்ஃபின் மாத்திரை பெரும்பாலும் நன்றாகக் கேட்கும். சாதாரண மருந்துக் கடையில் கிடைக்காது. வலி நிவாரண, ஆதரவு சிகிச்சைப் பிரிவு உள்ள, அனுமதி பெற்ற ஆஸ்பத்திரியில்தான் கொடுப்பார்கள். 2014-ல் போதைப்பொருள் சட்டத்தைத் திருத்திய பிறகு முன்பிருந்த கெடுபிடி குறைந்திருக்கிறது. "அதைச் சாப்பிட்டா அடிமையாயிருவாரு", "சீக்கிரம் போயிருவாரு" என்று உறவுக்காரர்கள் பயமுறுத்துவார்கள். டாக்டர் சொன்ன அளவில், சொன்ன நேரத்தில் வலிக்குக் கொடுக்கும்போது இரண்டுக்கும் பயப்பட வேண்டாம் என்று எங்கள் டாக்டர் தெளிவாகச் சொன்னார். சாதாரண மாத்திரையை நாலு மணி நேரத்துக்கு ஒரு தடவை, வலி வருவதற்கு முன்பே கொடுக்க வேண்டும். வலித்தால் கொடுக்கலாம் என்று காத்திருந்தால் வலி முந்திக்கொள்ளும். மலச்சிக்கல் கட்டாயம் வரும், அதனால் அதற்கான மருந்தையும் முதல் நாளிலேயே கேட்டு வாங்கிவிடுங்கள். மலையில் இருப்பவர்களுக்கு இன்னொன்று: ஐப்பசி, கார்த்திகை மழையில் மரம் விழுந்தாலோ மண் சரிந்தாலோ பாதை அடைபடும். அதனால் கடைசி அட்டையைப் பிரிக்கும்வரை காத்திருக்காமல் முன்கூட்டியே அடுத்த சீட்டுக்கு ஆள் அனுப்ப வேண்டும்.

2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் படுத்த படுக்கையாக இருப்பவர்களை வீட்டுக்கே வந்து பார்க்கும் நர்ஸும் உண்டு. இது பலருக்குத் தெரியவில்லை. ஆரம்ப சுகாதார நிலையத்தில் பெயர் கொடுத்துக் கேட்க வேண்டும். எங்களுக்கு வந்த நர்ஸம்மாதான் பாதி விஷயத்தைச் சொல்லிக்கொடுத்தார். இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை திருப்பிப் படுக்க வைப்பது, முழங்கால்களுக்கு நடுவில் தலையணை வைப்பது, முதுகையும் குதிகாலையும் தினமும் வெளிச்சத்தில் பார்ப்பது எல்லாம் அவர் காட்டியது. காற்றுப் படுக்கை நல்லதுதான், ஆனால் கரண்ட் போனால் மோட்டார் நின்றுவிடும். எங்கள் ஊரில் கரண்ட் போகிற இரவுகள் நிறைய. கையால் திருப்புவதுதான் நம்பகமானது. குளிருக்குச் சுடுதண்ணிப் பையை நேராகக் காலில் வைக்காதீர்கள், உணர்ச்சி குறைந்த தோல் வெந்துபோவது அவர்களுக்குத் தெரியாது. கம்பளிக் காலுறையும் கூடுதலாக ஒரு கம்பளியும் போதும். ஜன்னலை எல்லாம் அடைத்துவிட்டு அறைக்குள் கரி அடுப்பு வைப்பது அதைவிட ஆபத்து. அதில் வரும் கார்பன் மோனாக்சைடுக்கு வாசனையே கிடையாது, பார்த்துக்கொள்கிறவரும் சேர்ந்து போய்விடுவார்.

சாப்பாடு இன்னொரு போராட்டம். பார்க்க வருகிற எல்லோரும் "ரெண்டு வாய் கஞ்சியாவது ஊட்டு" என்பார்கள். உடம்பு மூடிக்கொண்டு வரும்போது பசி நின்றுவிடுகிறது. சாப்பிடாததால் சாவதில்லை, சாவு நெருங்குவதால் சாப்பிடுவதில்லை. இதை நர்ஸம்மா சொன்ன பிறகு நான் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டேன். அப்பா கேட்டபோது ஒரு ஸ்பூன் மோர், ஒரு துளி காபி கொடுத்தேன். மற்ற நேரத்தில் ஈரப் பஞ்சால் உதட்டையும் நாக்கையும் துடைத்துவிட்டேன்.

இனி அத்தை விஷயத்துக்கு வருகிறேன்.

அப்பாவுக்கு ஒரு அக்கா இருந்தார். சின்ன வயதிலேயே காய்ச்சலில் போய்விட்டார், நாங்கள் யாரும் பார்த்ததில்லை. வீட்டில் ஒரு படம்கூடக் கிடையாது. வெளியே மழை பிடித்த ஒரு சாயங்காலம், அப்பா கண்ணைத் திறந்து கதவுப் பக்கம் பார்த்தார். "அந்தச் சட்டையை எடு தாயி. அக்கா வந்து நிக்குது."

சின்னம்மா, "ஐயோ, கூட்டிட்டுப் போக வந்துருச்சே" என்று சத்தமாக அழத் தொடங்கினார். என் பையன் பயந்துபோய் என் சேலையைப் பிடித்துக்கொண்டான். நான் சட்டையை எடுத்து அப்பாவுக்குப் போட்டுவிட்டேன். "அத்தை என்னப்பா சொல்றாங்க?"

"ஒண்ணும் சொல்லல. நிக்குது. மழையில நனையாம வந்திருக்கு."

முகத்தில் அப்படி ஒரு தெளிச்சி. கொஞ்ச நேரத்தில் தூங்கிவிட்டார். அதற்கப்புறம் அடிக்கடி அத்தை வந்தார். சில நாள் "பஸ்ஸு வந்துருச்சா" என்று கேட்பார். குழந்தை வேலப்பர் கோவில் மணி கேட்கிறது என்பார், கோவில் நடை சாத்தியிருக்கும் நேரத்தில்.

போனில் சொன்னபோது அண்ணன், "மூளைக்கு ரத்தம் குறையுது, அதான். நர்ஸ்கிட்ட சொல்லு" என்றான். சொன்னேன். "இது நிறைய வீட்டுல நடக்குதுக்கா. அவரு பயப்படுறாரா, சந்தோசமா இருக்காரா, அதைப் பாருங்க" என்றார் அந்த நர்ஸம்மா. இந்த வித்தியாசம் முக்கியம். இறந்துபோன சொந்தக்காரர்கள் வந்து நிற்பதாகச் சொல்லி, அதில் நிம்மதி கிடைத்தால், நாம் செய்ய வேண்டியது எதுவும் இல்லை. ஆனால் பூச்சி ஊர்கிறது என்று துணியைப் பிடுங்குவது, ஆளைத் தெரியாமல் அடிக்க வருவது, இரவெல்லாம் கத்துவது என்று இருந்தால் அது வேறு. காய்ச்சல், மூத்திரம் அடைத்துக்கொண்டது, மலச்சிக்கல், மருந்தின் அளவு என்று ஏதாவது காரணம் இருக்கும், உடனே காட்ட வேண்டும். அப்பாவுக்கும் ஒரு இரவு அப்படி ஆனது. காலையில் மூத்திரக் குழாய் போட்டதும் அடங்கிவிட்டது. இரண்டையும் "சாவு மயக்கம்" என்று ஒன்றாகப் போட்டுவிட்டால் தீர்க்கக்கூடிய வேதனையைத் தீர்க்காமல் விட்டுவிடுவோம்.

அண்ணன் லீவு போட்டு வந்து உட்கார்ந்தான். சின்ன வயதிலிருந்தே சாமி கும்பிடாதவன். மூளை நின்றால் எல்லாம் நின்றது என்பதில் அவனுக்குச் சந்தேகமே இல்லை. அப்பா அவன் கையைப் பிடித்துக்கொண்டு, "அங்க பாரு, உங்க அத்தை" என்றார். எனக்கு உள்ளுக்குள் பதறியது. அண்ணன் அந்தப் பக்கம் பார்த்தான். "எனக்குத் தெரியலப்பா. உங்களுக்குத் தெரியுதுல்ல, அது போதும்" என்றான்.

பொய்யும் சொல்லவில்லை, அப்பாவை மறுக்கவும் இல்லை. அந்த அறையில் சாகிறவருடைய நம்பிக்கைக்குத்தான் முதல் இடம், நம்முடையது வாசலில் காத்திருக்கலாம் என்பதை நான் அண்ணனிடமிருந்துதான் கற்றேன். இது அந்தப் பக்கத்துக்கும் பொருந்தும். நாளைக்கு அண்ணன் படுக்கையில் கிடந்தால் அவன் காதில் நான் கந்த சஷ்டி கவசம் ஓதக் கூடாது. அவனுக்கு வேண்டியது பேரப்பிள்ளைகள் சத்தமாகவோ ரேடியோவில் பழைய பாட்டாகவோ இருக்கும்.

நானும் அண்ணனும் இரவில் அடுப்படியில் உட்கார்ந்து நிறையப் பேசினோம். அமெரிக்காவில் பஃபலோ நகரத்தில் சாவுக்கு அருகில் இருப்பவர்களைப் பராமரிக்கும் இல்லம் ஒன்றில் 59 பேரைத் தொடர்ந்து கேட்டு 2014-ல் ஒரு ஆய்வு வெளியிட்டார்கள். அதில் 88 சதவீதம் பேருக்கு இப்படி ஒரு கனவோ காட்சியோ ஒரு முறையாவது வந்திருக்கிறது. சாவு நெருங்க நெருங்க, இறந்தவர்கள் வருவது கூடியிருக்கிறது. இறந்தவர்களைப் பார்த்தவர்களுக்குத்தான் ஆறுதலும் அதிகம். பயணம் கிளம்புவது மாதிரியான காட்சிகளும் அதில் உண்டு. அப்பாவின் பஸ் எனக்கு அப்போது ஞாபகம் வந்தது. நெதர்லாந்தில் 10 ஆஸ்பத்திரிகளில் இதயம் நின்று, மீட்கப்பட்ட 344 பேரிடம் கேட்டதில் 62 பேர் அந்த நேரத்தில் ஏதோ ஒன்றைக் கண்டதாகவோ உணர்ந்ததாகவோ சொன்னார்கள். 2001-ல் லான்செட் இதழில் வந்தது. அண்ணன் பதிலுக்கு 2023-ல் வந்த மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வைக் காட்டினான். செயற்கை சுவாசத்தை நிறுத்திய பிறகு நான்கு பேரின் மூளை அலைகளைப் பார்த்ததில் இரண்டு பேருக்குச் சாகும் தறுவாயில் மூளை திடீரென்று சுறுசுறுப்பாகியிருக்கிறது. "காட்சிக்கு இதுவே காரணமா இருக்கலாம்ல?" என்றான்.

இருக்கலாம். அதை ஒப்புக்கொள்கிறேன். திரும்பி வந்தவர்கள் சொல்வது வாசல்படி வரைக்கும் உள்ள சேதிதான், அந்தப் பக்கத்துச் சேதி இல்லை. ஆனால் மூளையில் ஒன்று நடக்கிறது என்பதால் அதற்கு வெளியே ஒன்றும் இல்லை என்று ஆகிவிடுமா? மாம்பழத்தைப் பார்க்கும்போதும் மூளையில் ஏதோ நடக்கிறது, மாம்பழமும் இருக்கத்தான் செய்கிறது. இதை நான் சொன்னபோது அண்ணன் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "அத்தை மாம்பழம் இல்ல, நாம போய்த் தொட்டுப் பாக்க முடியாது" என்றான். அதுவும் சரிதான். நான் அந்தச் சாத்தியத்தின் பக்கம் சாய்கிறேன், நிச்சயம் என்று சொல்ல மாட்டேன். நம் மலையே அப்படித்தான் நினைத்து வந்திருக்கிறது. பழனியில் போகர் செத்துப்போனார் என்று யாரும் சொல்வதில்லை, சமாதியில் இருக்கிறார் என்றுதான் சொல்வார்கள். பெருமாள்மலைக்கு அந்தப் பக்கம் பேத்துப்பாறையில் குள்ளர் குகை என்று சொல்கிற கல்திட்டைகள் இருக்கின்றன. பழனி மலையில் இருக்கும் இந்த மாதிரிக் கல்திட்டைகளை ஏசுசபைப் பாதிரியார்கள் ஆராய்ந்து, 1928-ல் தொல்லியல் துறை அதை வெளியிட்டது. செத்தவர்களுக்காக அவ்வளவு பெரிய பலகைக் கல்லைத் தூக்கி நிறுத்தியவர்கள், எல்லாம் முடிந்துபோனது என்று நினைத்தா தூக்கியிருப்பார்கள்? "அது மரியாதைக்காகவும் இருக்கலாம்" என்றான் அண்ணன். விடியும் வரைக்கும் இப்படிப் போகும். அப்பா கூப்பிட்டால் இரண்டு பேரும் எழுந்து ஓடுவோம்.

என் பையன்தான் தாத்தாவிடம் நேராகப் போய்க் கேட்டான். "தாத்தா, செத்துட்டா எங்க போவீங்க?" நான் அதட்டப் போனேன். அப்பா கையைக் காட்டி என்னை நிறுத்திவிட்டு, பரணில் புகைபடத் தொங்கவிட்டிருந்த கட்டிலிருந்து ஒரு பூண்டை எடுத்துவரச் சொன்னார். எங்கள் மலைப்பூண்டை விதை போட்டு முளைக்க வைப்பதில்லை. பல்லைப் பிரித்து ஊன்றினால் அந்தப் பல்லே அடுத்த பூண்டாகிறது. "இது எங்க அப்பாரு ஊனுன பூண்டு. அதுல இருந்து பல்லு எடுத்து நான் ஊனுனேன். ஒவ்வொரு வருசமும் செடி காஞ்சுதான் போகுது. பூண்டு போகல. அந்த மாதிரி ஏதோ ஒண்ணுடா" என்றார். சொர்க்கம், நரகம், மறுபிறவி என்று எதுவும் சொல்லவில்லை. பையனுக்கு அது போதுமாக இருந்தது.

குழந்தைகளிடம் "தாத்தா தூங்குறாரு", "ஊருக்குப் போயிருக்காரு" என்று சொல்லாதீர்கள். தூங்கப் பயப்படுவார்கள், இல்லையென்றால் திரும்பி வரக் காத்திருப்பார்கள். தாத்தாவின் உடம்பு வேலை செய்வது நின்றுவிட்டது, இனி வலிக்காது, குளிராது, பசிக்காது, திரும்ப வர மாட்டார். இவ்வளவையும் தெளிவாகச் சொல்லிவிட்டு, அதற்குமேல் நம் வீட்டு நம்பிக்கை எதுவோ அதைச் சொல்லலாம்.

கடைசி நாள் எப்படி இருக்கும் என்பது முன்பே தெரிந்திருந்தால் பதற்றம் பாதி குறையும். கை, கால் சில்லிட்டுப் போய் முழங்காலில் திட்டுத் திட்டாக நீலம் பரவியது. மூச்சு வேகமாகி, மெதுவாகி, சில நொடி நின்று, மறுபடி தொடங்கியது. தொண்டையில் எச்சில் தங்கிக் கரகரவென்று சத்தம் வந்தது. கேட்கிற நமக்கு அது தாங்க முடியாது. அந்த நிலையில் அவருக்கு அது பெரும்பாலும் தெரியாது என்று நர்ஸம்மா முன்பே சொல்லியிருந்தார். ஒருக்களித்துப் படுக்க வைத்தால் சத்தம் குறையும். உறவினர்கள் பால் ஊற்ற வரிசையில் வந்தார்கள். விழுங்க முடியாதவர் வாயில் ஊற்றினால் நெஞ்சுக்குள் இறங்கி மூச்சு முட்டும். அதனால் விரலைப் பாலில் நனைத்து உதட்டில் தடவச் சொன்னேன். சடங்கும் நடந்தது, அப்பாவுக்கும் தொந்தரவு இல்லை. வேண்டாம் என்று தடுத்திருந்தால் பெரிய மனவருத்தமாகியிருக்கும்.

காது கடைசி வரை கேட்கும் என்று நம் ஊரில் சொல்வார்கள். கனடாவில் நடத்தி 2020-ல் வெளியான ஒரு ஆய்வில், நினைவு தப்பிய கடைசிக் கட்ட நோயாளிகள் சிலருடைய மூளை அப்போதும் சத்தத்துக்குப் பதில் கொடுத்திருக்கிறது. அதனால் கட்டிலுக்குப் பக்கத்தில் நிலத்துப் பிரச்சினை பேச வேண்டாம். நாங்கள் அவரிடம் பேசிக்கொண்டிருந்தோம். இந்தப் போகம் பூண்டு நல்ல விலைக்குப் போனது, அண்ணன் பக்கத்தில் இருக்கிறான், அம்மாவை நாங்கள் பார்த்துக்கொள்வோம். "போயிட்டு வாங்கப்பா" என்று அம்மா சொன்னாள். அதைச் சொல்ல அவளுக்கு எவ்வளவு தெம்பு வேண்டியிருந்திருக்கும்! அன்று மத்தியானம் மூச்சு நின்றது. அண்ணன்தான் கண்ணை மூடிவிட்டான்.

கண்ணை மூடியது மட்டும் போதாது என்பதால் கண்தானத்தைப் பற்றியும் எழுதுகிறேன். அப்பா கண்ணைக் கொடுக்கச் சொல்லியிருந்தார். சின்னம்மாவுக்கு, அடுத்த ஜென்மத்தில் குருடாகப் பிறப்பாரோ என்று கவலை. "எரிக்கப் போற கண்ணுதானேம்மா" என்று அப்பாவே முடித்துவிட்டார். வயதோ, கண்ணாடி போட்டதோ, புரை ஆபரேஷன் செய்ததோ தடை இல்லை. ரத்தப் புற்றுநோய், கண் புற்றுநோய் தவிர மற்ற பெரும்பாலான புற்றுநோய்க்காரர்களும் கொடுக்கலாம். ஆறு மணி நேரத்துக்குள் எடுக்க வேண்டும் என்பதுதான் மலையில் சிக்கல். அன்று மழை, பாதையில் மரம், வண்டி வந்து சேரவில்லை. அப்படியும் சொல்கிறேன், முயற்சி செய்யுங்கள். கண் வங்கியோடு முன்பே பேசி, யாரைக் கூப்பிடுவது, எந்த ஊர் வரை நாம் எதிரே போய் அழைத்துவரலாம் என்பதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். மூச்சு நின்றதும் இமையை மூடி, ஈரப் பஞ்சு வைத்து, தலைக்குத் தலையணை கொடுத்து, மின்விசிறியை நிறுத்திவிட வேண்டும்.

எங்கள் குடும்பத்தில் பெண்கள் சுடுகாட்டுக்குப் போவதில்லை. அப்பாவை வாசலோடு அனுப்பிவிட்டு வீட்டைக் கழுவி விட்டோம். அடுத்த வீட்டிலிருந்து சாப்பாடு வந்தது. பதினாறாம் நாள் கருமாதி வரைக்கும் நம்மை யாரும் தனியாக விடுவதில்லை. அந்தச் சடங்குகளை முன்பு சம்பிரதாயம் என்று மட்டும் நினைத்திருந்தேன். துக்கத்தில் இருப்பவருக்கு அடுத்த வேலை என்ன என்று யாராவது சொல்லிக்கொண்டே இருப்பது பெரிய ஆதரவு. அண்ணன் கொள்ளி வைத்தான், மொட்டை போட்டான், பிண்டமும் வைத்தான். "நம்பிக்கை இல்லாம எப்படிடா?" என்று ஒரு சித்தப்பா கேட்டார். "அப்பா நம்புனாருல்ல" என்றான்.

கருமாதி முடிந்த பிறகுதான் வேறு ஆட்கள் வருவார்கள். கோடாங்கி வைத்து அப்பாவை அழைத்துப் பேசலாம் என்றார்கள். அம்மாவுக்கு ஒரு தரம் கேட்க ஆசை. நான் தடுக்கவில்லை, கூடவே போனேன். மனதுக்கு ஆறுதலாக இரண்டு வார்த்தை கேட்டுவிட்டு வந்தாள், போதும். ஆனால் "ஆவி சாந்தியாகல, இன்னும் ஒரு பூஜை இருக்கு, இவ்வளவு செலவாகும்" என்று தொடர்ந்தால் அங்கேயே நிறுத்திவிடுங்கள். துக்கம் உள்ள வீட்டில் பணம் பிடுங்குவது சுலபம். அடுத்து, குடும்பத்தில் குழந்தை பிறந்தால் "தாத்தாவே வந்துட்டாரு" என்று மச்சம் தேடுவார்கள். அமெரிக்காவின் வர்ஜீனியா பல்கலைக்கழகத்தில் 1960-களிலிருந்து முற்பிறவியைப் பற்றிப் பேசும் குழந்தைகளின் சம்பவங்களை 2,500-க்கு மேல் பதிவு செய்திருக்கிறார்கள், இந்தியாவிலிருந்தும் நிறைய. அவற்றை எப்படி எடுத்துக்கொள்வது என்பதில் ஆராய்ச்சியாளர்களிடையே இன்னும் ஒப்புதல் இல்லை. அதில் எனக்குப் பிடித்த தகவல் ஒன்று உண்டு: அந்தக் குழந்தைகளில் பெரும்பாலோர் ஏழெட்டு வயதுக்குள் அந்தப் பேச்சை விட்டுவிடுகிறார்கள். அப்பாவே திரும்பி வந்திருந்தாலும்கூட, வந்திருப்பது புதிதாக வாழத்தான். அந்தப் பிள்ளை மேல் அப்பாவின் பெயரை வைக்கலாம், அவர் வாழ்க்கையை ஏற்ற வேண்டாம்.

காகித வேலையைத் தள்ளிப்போடாதீர்கள். வீட்டில் இறந்தால் 21 நாளுக்குள் பதிவு செய்ய வேண்டும். கிராமத்தில் கிராம நிர்வாக அலுவலர், பேரூராட்சி, நகராட்சியில் அந்த அலுவலகம். பார்த்துவந்த டாக்டரிடம் இறப்புக்கான காரணச் சான்று வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். கடைசி மாதங்களில் உள்ளூர் டாக்டர் ஒருவர் தொடர்ந்து பார்த்துவந்திருந்தால்தான் அது சுலபமாகக் கிடைக்கும். ஒரு வருடம் தாண்டிவிட்டால் கோட்டாட்சியர் வரை அலைய வேண்டும். பெயரின் எழுத்து ஆதாரில் இருப்பது போலவே இருக்கிறதா என்று அங்கேயே பார்த்துவிடுங்கள். வாரிசுச் சான்று, பட்டா மாற்றம், வங்கிக் கணக்கு எல்லாம் அந்த ஒரு தாளில்தான் நிற்கும்.

அப்பாவுக்குப் பிறகு என் விருப்பத்தையும் எழுதி வைத்துவிட்டேன். மீளவே முடியாத கட்டத்தில் வென்டிலேட்டர் மாதிரியானவை வேண்டாம் என்று முன்கூட்டியே எழுதி வைக்கும் உரிமையை உச்ச நீதிமன்றம் 2018-ல் கொடுத்தது. 2023-ல் அதை எளிதாக்கிவிட்டார்கள். இப்போது மாஜிஸ்திரேட்டிடம் போக வேண்டியதில்லை. இரண்டு சாட்சிகள் முன்னால் கையெழுத்துப் போட்டு, நோட்டரியோ கெஜட்டட் அதிகாரியோ சான்றளித்தால் போதும். நம்மால் பேச முடியாதபோது நமக்காகப் பேசுகிறவர்களின் பெயரையும் அதில் எழுத வேண்டும். அதைக் காட்டியதும் எல்லாம் நின்றுவிடாது, ஆஸ்பத்திரியில் இரண்டு மருத்துவக் குழுக்கள் பார்த்து ஒப்புக்கொள்ள வேண்டும். எனக்காகப் பேச என் வீட்டுக்காரர் பெயரோடு அண்ணன் பெயரையும் கொடுத்திருக்கிறேன். கையெழுத்துப் போட வந்தபோது, "கடைசியில அத்தை மாதிரி யாராவது வந்து நிக்கிறாங்கன்னு நீ சொன்னா நான் என்ன செய்யணும்?" என்று கேட்டான். சட்டை எடுத்துக் கொடு என்றேன். அதையும் எழுதிவிடு என்றான், கடைசி வரியாக எழுதியிருக்கிறேன். ஒரு நகல் எங்கள் டாக்டரிடம் இருக்கிறது, இன்னொன்று அண்ணன் வீட்டு பீரோவில்.